ராய் சுவரில் மோதிய மாலை

கேட்டி நகரில் நான் பல் டாக்டர். சனிக்கிழமை வந்துவிட்டால் ஸ்டாக் கார் எனும் பந்தயக் கார் ஓட்டுகிறவள். டெக்சஸின் சிற்றூர்களில் இருக்கும் சின்னச் சின்னப் பந்தயப் பாதைகள்தான் என் உலகம். "இந்த வயசுல இது தேவையா?" என்று புலம்பிக்கொண்டே கணவரும் கூட வருவார்.

அன்று சீசனின் கடைசிப் பந்தயம். பொழுது சாய்கிற நேரம். எனக்குப் பின்னால் ராய் வந்துகொண்டிருந்தார். பாதி வாழ்நாள் ஓட்டியும் சாம்பியன் கோப்பையைத் தொடாதவர். புள்ளிக் கணக்கில் சீசன் முழுக்க என்னைத் துரத்தி, அப்போதுதான் முந்தியிருந்தார்; அன்று ஒழுங்காக முடித்தாலே கோப்பை அவருக்குத்தான்.

வளைவில் என் டயர் வெடித்தது. கார் பம்பரமாகச் சுழன்றது. ஏனோ எனக்குப் பயமே வரவில்லை. ஆரஞ்சு வானம், விளக்குக் கம்பங்கள், எழுந்து நின்ற கூட்டம் எல்லாம் சத்தமே இல்லாமல், தண்ணீருக்குள் பார்ப்பதுபோல மெல்ல மிதந்து போயின. கார் நின்றபோது, என் கதவுக்கு நேராக ராயின் கார் பாய்ந்து வந்தது. கடைசி நொடியில் அவர் ஸ்டீயரிங்கை ஒடித்துச் சுவரில் போய் மோதினார்.

புகைக்குள்ளிருந்து நொண்டியபடி வந்து என் ஜன்னலில் குனிந்தார்.

"அடி ஏதும் பட்டுச்சா, டாக்டர்?"

"உங்க கோப்பை போச்சே, ராய்!" எனக்கு அழுகை முட்டியது.

"சீசன் பூரா உங்களைத்தானே துரத்தினேன்? நீங்க இல்லாம அடுத்த வருஷம் யாரைத் துரத்துறது?" என்று சிரித்தார்.

ஓடி வந்த என் கணவர் அவரைக் கட்டிக்கொண்டார்.

பிறகு சில பந்தயங்களில் ஜெயித்திருக்கிறேன். ஆனாலும் கண்ணை மூடினால் வருவது, நாங்கள் இருவருமே முடிக்காத அந்தப் பந்தயம்தான்.