ஆஸ்பத்திரி வாடை

தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் உபைதுல்லாவை அநேகமாக யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. பெண்ணாக இருந்தால் சிஸ்டர் என்பார்கள். ஆணாகப் பிறந்து அதே வேலையைச் செய்கிறவனை என்னவென்று கூப்பிடுவது? கூட வேலை பார்ப்பவர்கள் ‘பிரதர்’ என்பார்கள். கிராமத்திலிருந்து வருகிறவர்களுக்கு அது வாயில் வராது. வெள்ளைச் சட்டையைப் பார்த்ததும் ‘டாக்டரய்யா’ என்று கையெடுத்துக் கும்பிடுவார்கள். மூத்திரக் குழாயோடு வந்து நின்றால் ‘கம்பவுண்டரே’ என்பார்கள். பீத்துணியை மாற்ற ஆரம்பித்துவிட்டால் போச்சு, ‘இந்தாப்பா’தான். கோபித்துக்கொள்ளத் தெரிந்த ஆளாக இருந்தால் அவன் ஏன் இந்த வேலைக்கு வரப்போகிறான்!

ஊர், அய்யம்பேட்டையைத் தாண்டிக் குடமுருட்டி ஆற்றோரம். ஒரு பக்கம் நெல் வயல், ஒரு பக்கம் பள்ளிவாசல் தெரு. அந்தத் தெருவில் மீசை முளைத்த பையன்களெல்லாம் துபாய்க்கும் சவுதிக்கும் விமானம் ஏறிக்கொண்டிருந்த காலத்தில், இவன் நர்ஸிங் படிக்கப் போனான். அத்தா லியாகத் அலிக்கு அது தலைகுனிவாகப் போய்விட்டது. “ஏண்டா, ஒலகத்துல வேற வேலையே இல்லையா? பொம்பள வேலைக்குப் போறியே” என்று மூக்கைச் சிந்தினார். பெண் கேட்டுப் போன இடங்களிலும் அதே கதைதான். “மாப்பிள்ள என்ன பண்றாரு?” என்று ஆசையாகக் கேட்பார்கள். பதிலைக் கேட்டதும் வந்தவர்களுக்கு டீ கொடுத்து அனுப்பிவிடுவார்கள். கடைசியில் சரி என்றவள் அனீஸா. “பீ மூத்திரம் அள்ளுற கைன்னு எங்க வீட்டுல சொன்னாங்க. சரி, புள்ள பொறந்தா அள்ளத் தெரிஞ்ச ஆளாச்சேன்னு ஒத்துக்கிட்டேன்” என்று கல்யாணமான புதிதில் அவனைச் சீண்டுவாள்.

கேலி பேசாத ஒரே ஆள் அம்மா கமருன்னிஸா. தெருவில் யாராவது மகனைப் பற்றி இளக்காரமாகப் பேசினால் வாசலில் நின்று பிடிபிடியென்று பிடித்துவிடுவார். “பேசுங்க பேசுங்க, ஒரு நாளைக்குப் படுக்கையில விழுவீங்க. அன்னைக்கு எம்புள்ளையத்தான் தேடுவீங்க.”

அப்படித்தான் ஆயிற்று. சவுதியிலிருந்து சம்பாதித்துக்கொண்டு வந்த பெரிய மனிதர்கள் ஒவ்வொருவராகச் சர்க்கரையிலும் பக்கவாதத்திலும் விழுந்தார்கள். மகன்கள் வெளிநாட்டில். மருமகள்கள் மாமனாரைத் தொட்டுப் பார்க்க முடியுமா? உபைதுல்லாதான் டூட்டி முடிந்து வருகிற வழியில் வீடு வீடாக நுழைந்து துடைத்து, திருப்பிப் போட்டு, புண்ணுக்குக் கட்டுப்போட்டுவிட்டு வருவான். அவனுடைய அத்தாவையும் கடைசி வருஷத்தில் அவன்தான் குழந்தையைப் போல வைத்துப் பார்த்தான். லியாகத் அலி சாகிறபோது அவர் முதுகில் ஒரு கீறல் கிடையாது. அவன் வேலை பார்க்கிற ஆண்கள் சர்ஜரி வார்டில் அவனுக்கு இருக்கிற பெயரே அதுதான். அவன் கையில் கிடக்கிற நோயாளிக்குப் படுக்கைப்புண் வராது என்பார்கள்.

பெண்கள் வார்டுக்கு மட்டும் அவன் போவதில்லை. ஆண் நர்ஸுக்கு அங்கே வேலை போடமாட்டார்கள். அதில் அவனுக்குக் குறையும் இல்லை. ஊரில் பெண்கள் படுத்துவிட்டாலும் வாசலோடு நின்று சொல்லிக்கொடுத்துவிட்டு வந்துவிடுவான். அதுதானே முறை என்று இருந்தான்.

அப்படி இருக்கும்போதுதான் கமருன்னிஸாவுக்குப் பக்கவாதம் வந்து இடது கையும் காலும் விழுந்தன.

ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்த்து உயிரைக் காப்பாற்றி வீட்டுக்குக் கொண்டுவந்தாயிற்று. இனிமேல் மருந்தைவிடக் கவனிப்புதான் முக்கியம் என்று அவனுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. காற்றுப் படுக்கை வாங்கிப் போட்டான். ஆனால் அம்மாவைத் தொட்டுத் திருப்பப் போனால் நல்லாயிருக்கும் வலது கையால் சேலையை இறுக்கிப் பிடித்துக்கொண்டுவிடுவார். “அனீஸா பாத்துக்கும். நீ போடா.” இவனும் வற்புறுத்தவில்லை. அனீஸாவை உட்காரவைத்து எப்படித் திருப்புவது, எங்கே தலையணை கொடுப்பது, எந்த இடம் சிவந்தால் உடனே சொல்ல வேண்டும் என்றெல்லாம் பாடம் எடுத்தான். தினமும் வந்ததும் முதல் கேள்வி, “முதுகு எப்படி இருக்கு?” அனீஸா, “நல்லாருக்கு” என்பாள். அம்மா ரவிக்கையைக் கொஞ்சம் விலக்கித் தோள்பட்டையைக் காட்டுவார். தோள்பட்டை நன்றாகத்தான் இருந்தது. அதற்குக் கீழே காட்டச் சொல்லி மகன் எப்படிக் கேட்பான்?

புண் வந்தது இடுப்புக்குக் கீழே, முதுகெலும்பு முடிகிற இடத்தில். அனீஸா பார்த்துவிட்டாள். பதறிப்போய் அவனிடம் சொல்ல எழுந்தவளின் கையைப் பிடித்துக்கொண்டார் மாமியார். “அல்லா மேல ஆணையா சொல்றேன், அவன்கிட்ட சொன்னீன்னா அதுக்கப்புறம் ஒன் கையால ஒரு வாய் தண்ணி குடிக்க மாட்டேன். பெத்த புள்ள பாக்குற எடமாடி அது?” பாவம் அனீஸா. ஒரு பக்கம் புருஷன், ஒரு பக்கம் ஆணை. தேங்காயெண்ணெயைத் தடவினாள், பவுடரைக் கொட்டினாள், தானே ஆறிவிடும் என்று வேண்டிக்கொண்டாள். படுக்கைப்புண் தானே ஆறுமா? அது உள்ளே போய்க்கொண்டே இருந்தது.

இதையெல்லாம் மூக்கு காட்டிக்கொடுத்திருக்காதா என்று கேட்பீர்கள். காட்டிக்கொடுத்தது. அங்கேதான் அவன் ஏமாந்தான்.

சர்ஜரி வார்டில் வேலை பார்க்கிறவர்களுக்கு ஒரு தொல்லை உண்டு. நாள் முழுக்கச் சீழ்ப்புண்களோடு கிடந்துவிட்டு வந்தால் வாடை மூக்கிலேயே தங்கிவிடும். சோற்றில் கைவைத்தால் வரும். தலையணையில் முகம் வைத்தால் வரும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அவனுக்குச் சாப்பாடே இறங்காது. போகப்போகப் பழகிவிட்டது. அதனால் ஒரு சாயங்காலம் அம்மாவின் கட்டிலருகே உட்கார்ந்து டீயில் பன்னை நனைத்து ஊட்டிக்கொண்டிருந்தபோது அந்த வாடை வந்ததும், அவன் தன் சட்டையைத்தான் முகர்ந்து பார்த்தான்.

“எம்மேல ஆஸ்பத்திரி வாடை அடிக்குதாம்மா?”

கமருன்னிஸா முகத்தைத் திருப்பிக்கொண்டார். “எனக்கு ஒண்ணும் தெரியலடா.”

அவன் எழுந்துபோய்க் குளித்தான். மறுநாள் வந்ததும் நேரே கிணற்றடிக்குப் போய்க் குளித்துவிட்டுத்தான் வீட்டுக்குள் வந்தான். வாடை போகவில்லை. சோப்பை மாற்றினான். டூட்டிச் சட்டையை ஆஸ்பத்திரியிலேயே கழற்றி வைத்துவிட்டு வந்தான். ஒன்றும் பலிக்கவில்லை. சீக்காளி அம்மாவுக்கு ஏன் இந்தக் கஷ்டம், நம் மேல் அடிக்கிற நாற்றத்தை வாய்விட்டுச் சொல்லமுடியாமல் பொறுத்துக்கொள்கிறார் போலிருக்கிறது என்று நினைத்தான். டீ ஊட்டுகிற வேலையையும் அனீஸாவிடம் விட்டான். கட்டிலுக்குப் பக்கத்தில் உட்காருவதை நிறுத்தி, அறை வாசற்படியில் நின்றபடியே நாலு வார்த்தை பேசிவிட்டுப் போக ஆரம்பித்தான். ஊரிலுள்ள கிழவர்களின் புண்களையெல்லாம் முகத்தை வைத்துப் பார்க்கிறவன், பெற்ற தாயைத் தூரத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தான். கேட்கிறவர்களுக்கு வயிறு எரியாதா?

பெருநாள் வந்தது. லீவு போட்டு நாலைந்து நாளாக வீட்டில் இருந்தான். பெருநாளன்று விடிந்ததும் எண்ணெய் தேய்த்துக் குளித்து, புதுச் சட்டை போட்டு, அத்தர் பூசிக்கொண்டு தொழுகைக்குப் போய்வந்தான். வந்ததும் அம்மாவுக்கு ஸலாம் சொல்லக் குனிந்தான்.

அத்தரையும் மீறிக்கொண்டு வந்தது.

குனிந்தவன் அப்படியே நின்றான். ஆஸ்பத்திரிப் பக்கம் போய் நாலைந்து நாளாகிறது. உடம்பில் இருப்பது புதுத்துணி. தன் கையை முகர்ந்தான், அத்தர்தான். போர்வையின் ஓரத்தை முகர்ந்தான். தலையில் யாரோ கட்டையால் அடித்ததுபோல இருந்தது.

“அனீஸா!” என்று கத்தினான். சமையல்கட்டிலிருந்து ஓடி வந்தவள் அவன் முகத்தைப் பார்த்ததுமே புரிந்துகொண்டு தரையில் உட்கார்ந்து அழத் தொடங்கினாள்.

“எவ்வளவு நாளா?”

“ஆணை வச்சுட்டாங்க. நான் என்னங்க பண்ணுவேன்!”

அவன் போர்வையில் கைவைத்தான். கமருன்னிஸா வலது கையால் அவன் மணிக்கட்டைப் பிடித்தார். பக்கவாதம் வந்த உடம்பில் அவ்வளவு பலம் எங்கேயிருந்து வந்ததோ.

“தொடாத.”

“அம்மா, எத்தனை பேருக்குப் பாத்துருக்கேன்! அத்தாவுக்கு நான்தானே பாத்தேன்?”

“அவுக ஆம்பள.”

“நோயாளியில ஆம்பள என்ன, பொம்பள என்ன? என்னையப் புள்ளையா நெனக்காத. ஆஸ்பத்திரி ஆளு வந்துருக்கான்னு நெனச்சுக்க.”

“அப்புடி நெனக்க முடியலையேடா” என்றார் கமருன்னிஸா. கண்ணிலிருந்து தண்ணீர் காதுப்பக்கம் ஓடியது. “நீ நாறுதுன்னு கிணத்தடியில தேச்சுத் தேச்சுக் குளிப்ப. ஒவ்வொரு நாளும் எனக்கு உசுரு போவும். நாறுறது நான்தான்டா, நீ இல்லன்னு சொல்ல வாய் வரல.”

உபைதுல்லா சுவரில் முட்டிக்கொண்டு அழுதான். தெருவில் பெருநாள் வாழ்த்துச் சொல்ல வந்தவர்கள் வாசலிலேயே தயங்கி நின்றார்கள்.

பெண்கள் வார்டில் அவனோடு படித்த பிரகதாம்பாள் இருந்தாள். போன் போட்டதும் ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு தஞ்சாவூரிலிருந்து வந்துவிட்டாள். கதவைச் சாத்திக்கொண்டு பார்த்தாள். வெளியே வந்தவள் அவன் முகத்தைப் பார்க்காமல் கையுறையைக் கழற்றினாள்.

“எலும்பு வரைக்கும் போயிருச்சு உபைது. காய்ச்சலும் இருக்கு. இப்பவே தூக்கு.”

பெண்கள் வார்டில் சேர்த்தார்கள். இவன் வேலை பார்க்கிற கட்டடம், ஒரு மாடி மேலே. கட்டு மாற்றும் நேரம் வந்தால் ஆயா வந்து, “ஆம்பளைங்கல்லாம் வெளிய போங்க” என்று சத்தம் போடுவாள். அவனும் மற்ற ஆண்களோடு எழுந்து வராண்டாவுக்குப் போய் நிற்பான். உள்ளேயிருந்து அம்மா முனகுவது கேட்கும். கட்டு எப்படிப் பிரிக்கிறார்கள், உப்புத்தண்ணீர் விட்டு நனைத்துவிட்டுப் பிரிக்கிறார்களா, சும்மா இழுக்கிறார்களா என்று அந்த முனகலை வைத்தே அவனுக்குத் தெரியும். பிரகதாம்பாள் டூட்டியில் இருந்தால் முனகல் குறைவாக இருக்கும். அவள் ஒருநாள், “அம்மா, உபைது பண்ணுனா இன்னும் வலிக்காம பண்ணுவான்மா, கூப்பிடட்டுமா?” என்று கேட்டுப் பார்த்தாளாம். கமருன்னிஸா தலையை ஆட்டி மறுத்துவிட்டார். அதற்குள் விஷம் ரத்தத்தில் கலந்துவிட்டிருந்தது. டாக்டர்கள் என்னென்னவோ செய்து பார்த்தார்கள். ஒரு மத்தியானம், அவன் கீழே வேறு யாருக்கோ கட்டுப்போட்டுக்கொண்டிருந்தபோது, போய்விட்டார்.

வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். கொல்லைப்பக்கம் பச்சைத் துணியால் நாலு பக்கமும் திரை கட்டி உள்ளே பலகை போட்டார்கள். பெண் மய்யித்தைப் பெண்கள்தான் குளிப்பாட்ட வேண்டும். தெருவில் எல்லாப் பெண்களுக்கும் குளிப்பாட்டுகிற மைமூன் பீவி வந்தார். அனீஸாவும் இன்னும் இரண்டு பெண்களும் உள்ளே போனார்கள். வாசலில் ஜமாத்தார் மய்யித்தைத் தூக்கிப்போகும் சந்தூக்கோடு காத்திருந்தார்கள். ஆண்களைக் குளிப்பாட்ட ஊரில் முதல் ஆளாக நிற்கிறவன், திரைக்கு வெளியே மாதுளைச் செடி ஓரமாக நின்றான்.

தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டது. நின்றது. மறுபடி ஊற்றினார்கள். மறுபடி நின்றது. உள்ளே ஒருவருக்கொருவர் கிசுகிசுத்துக்கொண்டார்கள். ஆஸ்பத்திரிக் கட்டு தண்ணீரில் ஊறிக் கழன்றுவிட்டது. துடைக்கத் துடைக்கப் புண்ணிலிருந்து நீரும் ரத்தமும் வந்துகொண்டேயிருந்தது. உடுத்தி அனுப்பப்போகிற கஃபன் துணியில் பட்டுவிடுமே என்று மைமூன் பீவிக்குக் கை ஓடவில்லை.

அனீஸா திரையோரம் வந்தாள். “என்னங்க, நிக்க மாட்டேங்குது. பஞ்சு வச்சா நனஞ்சு நனஞ்சு வெளிய வந்துருது.”

அவன் வீட்டுக்குள் ஓடிப்போய்த் தன் பையைக் கொண்டுவந்தான். புண்ணுக்குக் கட்டும் காஸ் துணிச் சுருளையும் கத்தரிக்கோலையும் எடுத்துக்கொண்டு திரைக்கு இந்தப் பக்கம் ஈரத்தரையிலேயே உட்கார்ந்தான்.

“பஞ்சு வேண்டாம், எடுத்துரு. நான் தர்ற துணிய வையி. ஒருக்களிச்சுப் படுக்க வச்சிருக்கீங்களா?”

“ம்.”

“புண்ணு எவ்வளவு ஆழம் இருக்கு?”

அவன் கத்தரிக்கோலை விரித்துப் பிடித்தான்.

“சொன்னாத்தானே நான் துணி வெட்ட முடியும். வெரல் போவுதா?”

அனீஸா அழுகிற சத்தம்தான் வந்தது. பிறகு மைமூன் பீவியின் குரல் கேட்டது. “கை போவுது தம்பி.”

அவன் கத்தரிக்கோலைக் கீழே வைத்தான். பிறகு சுருளைப் பிரித்தான். பிரித்துக்கொண்டே போனான். கை போகிற பள்ளத்துக்கு எவ்வளவு துணி வேண்டும் என்று அவனுக்குத் தெரியும். வெட்டி, நீளவாக்கில் மடித்து, திரைக்கு அடியில் நீட்டினான். அனீஸாவின் ஈரக்கை வந்து வாங்கிக்கொண்டது.

“அடியிலேருந்து கொஞ்சம் கொஞ்சமா வையி. திணிக்காத” என்றான். “மெதுவா அனீஸா. அம்மா வலி தாங்காது.”