ஓங்கிய கை

அக்கரைப்பற்று பஸ்ஸை இன்னும் காணவில்லை. சாய்ந்தமருது பிரதான வீதியோரம், புதிதாகத் திறக்கும் துணிக்கடை முன்னால் மேடை போட்டு நகைச்சுவை நாடகம் நடக்கிறது. பையைத் தோளிலிருந்து இறக்காமலே, ட்ரம்ஸ் அடிக்கும் அண்ணனின், எங்கள் பேச்சில் காக்காவின், பக்கத்தில் நின்று பார்க்கிறேன்.

மேடையில், பெண் வீட்டில் குடியேறிய புது மாப்பிள்ளை மாமனாருக்கு வைத்த வட்டிலப்ப இனிப்பையும் தின்று முடிக்கிறான். மாமனார் கையை ஓங்குகிறார். மாப்பிள்ளை கன்னத்தைக் காட்டுகிறான். அந்த நேரம் பார்த்துப் பள்ளிவாசலில் தொழுகைக்கான பாங்கு ஒலிக்கிறது.

மைக்கை நிறுத்துகிறார்கள். பெண்கள் முக்காட்டை இழுத்துவிடுகிறார்கள். ஓங்கிய கை அப்படியே நிற்கிறது. பாங்கு முடிந்ததும், தம்பிலுவில் என்ற தமிழூரிலிருந்து வந்த கீபோர்ட்காரர் விரலைக் கட்டைகளுக்குக் கொண்டுபோக, காக்கா அவர் மணிக்கட்டைப் பிடிக்கிறார்.

“பொறுங்க, மத்தப் பள்ளியில இப்பதான் தொடங்குது.”

அது முடிய இன்னொரு பள்ளி. எனக்குக் கால் ஓரிடத்தில் நிற்கவில்லை.

“காக்கா, மாமனார் ட்ரம்ஸ் இல்லாம சும்மா அடிச்சா என்ன?” என்று மெதுவாகக் கேட்கிறேன்.

“ஒருத்தரும் சிரிக்க மாட்டாங்க தம்பி. அடி அவர்ட கையில இல்ல, என்ட கையிலதான் இரிக்கி.”

பெருமை பேசுகிறார் என்றுதான் நினைக்கிறேன். மாமனாரின் ஓங்கிய கையைப் பார்த்தாலே எனக்குச் சிரிப்பு முட்டுகிறது.

பஸ் வந்துவிடுகிறது. பாய்ந்து ஏறிப் பின் கண்ணாடியால் பார்க்கிறேன். மாமனாரின் கை இறங்குகிறது, மாப்பிள்ளை சுழன்று விழுகிறான், சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு குலுங்குகிறது. காக்காவும் அந்த அறைக்கு ட்ரம்ஸை அடித்திருப்பார். என் காதில் பஸ்ஸின் ஹோர்ன் மட்டும்தான்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. யாரோ ஒரு மனிதன் அறை வாங்கி விழுந்து கிடக்கிறான்.