‘எங்கே’ என்று கேட்ட சுவர்

ஒரு நாள் காலையில் என் வீட்டுச் சுவர் என்னைப் பார்த்து, "அம்மா, எங்கம்மா கிளம்பிட்ட?" என்று கேட்டது. ஒரு கால் செருப்பிலும் ஒரு கால் தரையிலுமாக நின்றுகொண்டிருந்த எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி மாளாது. சுவர் பேசிவிட்டதே என்பதற்காக வந்த கோபம் இல்லை அது. வெளியே கிளம்புகிறவளைப் பார்த்து ‘எங்கே’ என்று கேட்கலாமா? அதுதான் எனக்கு ஆகவில்லை.

பேசியது என் மகள். பெங்களூரில் தன் ஆபீஸில் உட்கார்ந்துகொண்டு, ஸ்ரீரங்கத்தில் என் ஹால் சுவரில் வாசலைப் பார்த்து மாட்டியிருக்கும் கேமரா வழியாகக் கேட்டாள். அந்தக் கேமரா வந்த கதையை முதலில் சொல்லிவிடுகிறேன்.

என் கணவர் போன பிறகு அம்மா மண்டபம் ரோடு பக்கத்தில் இரண்டாவது மாடி ஃபிளாட்டில் நான் தனியாகத்தான் இருக்கிறேன். அடுத்த தெருவில் ஒரு அம்மாளின் கழுத்துச் சங்கிலியை பைக்கில் வந்த எவனோ அறுத்துக்கொண்டு போனான். எதிர்த்த மளிகைக் கடைக் கேமராவில் எல்லாம் பதிவாகியிருந்தது. அவன் வந்தது, அறுத்தது, திரும்பிப் போனது, ஒன்று விடாமல். ஆனால் ஆரம்பத்திலிருந்து முடிவு வரை அவன் தலையில் ஹெல்மெட். தெருவே கூடிநின்று அந்த ஹெல்மெட்டைத் திரும்பத் திரும்பப் பார்த்துவிட்டுக் கலைந்தது.

செய்தி பெங்களூருக்கு எப்படிப் போனதோ, அன்று சாயங்காலமே மகள் போன் பண்ணிவிட்டாள். ஒன்று நான் அவளோடு போய் இருக்க வேண்டும், இல்லையென்றால் வீட்டில் கேமரா வைக்க வேண்டும். எனக்காக அவள் ஒதுக்கி வைத்திருக்கும் அறையை நான் பார்த்திருக்கிறேன். நல்ல அறைதான். ஜன்னலைத் திறந்தால் அடுத்த பில்டிங்கின் ஜன்னல் தெரியும். அங்கே நான் எப்போதும் ‘ஊரிலிருந்து வந்திருக்கும் அம்மா’. இங்கே கீரைக்காரம்மாள் முதல் கேஸ் சிலிண்டர் போடுகிறவர் வரை எல்லோருக்கும் என் முழங்கால் வலி தெரியும். காபிப் பொடியை எவ்வளவு சிக்கரி போட்டு அரைக்க வேண்டும் என்று கடைக்காரருக்குத் தெரியும். இந்த வீட்டை விட்டுப் போக எனக்குக் கொஞ்சமும் இஷ்டமில்லை. அதனால் கேமராவே வரட்டும் என்று சொல்லிவிட்டேன்.

மாட்ட வந்தவர் மருமகன். பம்பாயில் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பிள்ளை. தங்கமான குணம், ஆனால் நம் ஊர்ப் பழக்கவழக்கம் பாதி தெரியாது. அவரிடம் நான் ஒரே ஒரு நிபந்தனை போட்டேன். படம் எடுத்துக்கொள்ளுங்கள், என் பேச்சை மட்டும் பதிவு செய்யக்கூடாது.

நான் அப்படிச் சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. திருச்சியில் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக வேலை பார்த்தவள் நான். டிரங்க் கால் போட்டுக் கொடுத்துவிட்டு, லைன் இருக்கிறதா என்று பார்க்க நடுவில் காது கொடுப்போம். ஊரில் யார் வீட்டில் என்ன சண்டை, யாருக்குப் பெண் பார்க்கிறார்கள் என்பதெல்லாம் தானாக வந்து காதில் விழும். ஆனால் எங்களுக்கு ஒரு சட்டம் இருந்தது. காதில் விழுந்தது வாய்க்கு வரக்கூடாது. இந்தக் காலத்து இயந்திரத்துக்கு அந்தச் சட்டத்தை யார் சொல்லிக் கொடுத்திருப்பார்கள்?

மருமகன் சிரித்துக்கொண்டே எதையோ அழுத்தினார். "நாங்க பேசினா உங்களுக்குக் கேக்கும் அத்தை, நீங்க பேசினா எங்களுக்குக் கேக்கும். ஆனா சத்தம் எதுவும் பதிவாகாது. படம் மட்டும்தான்" என்றார். பெரிய வெற்றி என்று நினைத்துக்கொண்டேன்.

கேமரா வந்த பிறகு என் வாசலே திருந்திவிட்டது. பூக்காரப் பெண் முந்தானையைச் சரிசெய்துகொண்டுதான் பெல் அடிப்பாள். கூரியர் பையன் அதற்கு ஒரு சலாம் வைப்பான். நஷ்டம் ஒன்றே ஒன்றுதான். வாசலில் நின்று வம்பு பேச எவரும் வருவதில்லை. அதனால் அந்த மாநாட்டை மொட்டை மாடிக்கு மாற்றினோம். பாதுகாப்பு வேண்டும்தான், அதற்காக வம்பு இல்லாமல் ஒரு மனுஷி எப்படி இருக்க முடியும்?

இனி அந்தக் காலைக்கு வருகிறேன். எங்கள் வீட்டில், என் பிறந்த வீடான லால்குடியிலும் சரி, புகுந்த வீட்டிலும் சரி, வெளியே கிளம்புகிறவரிடம் ‘எங்கே’ என்று கேட்க மாட்டார்கள். கேட்டால் போகிற காரியம் உருப்படாது. தெரிந்தே ஆக வேண்டுமென்றால் ‘தூரமா?’ என்று கேட்கலாம். தவறிப்போய் யாராவது ‘எங்கே’ என்று கேட்டுவிட்டால், கிளம்பினவர் உள்ளே திரும்பி வந்து, உட்கார்ந்து, ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி கிளம்ப வேண்டும். இதையெல்லாம் நம்புகிறாயா என்று கேட்டால் நம்பவில்லை என்றுதான் சொல்வேன். ஆனால் தண்ணீர் குடிக்காமல் படி இறங்க மாட்டேன்.

அன்றும் உள்ளே வந்தேன். உட்கார்ந்தேன். தண்ணீர் குடித்தேன். மறுபடி வாசலுக்கு வந்ததும் கேமரா என் அசைவைப் பார்த்து மகளுக்கு மணி அடித்திருக்கிறது. "இன்னும் போகலையா? அப்படி எங்கதான் போற?" என்றது சுவர். திரும்ப உள்ளே. திரும்பத் தண்ணீர். இப்படியே போனால் வயிறு முட்டத் தண்ணீர் குடித்துவிட்டு வீட்டோடு இருக்க வேண்டியதுதான். ‘எங்கேன்னு கேக்காதடி’ என்று ஒரு அதட்டல் போட்டேன். கேமராவில் கேட்டால் கணக்கில் வராது என்று சிரித்துவிட்டு மீட்டிங்குக்குப் போய்விட்டாள். அதன் பிறகும் பல நாள் பழக்க தோஷத்தில் கேட்பாள், பதிலைக் காதில் வாங்கியதும் வாங்காததுமாகப் போய்விடுவாள். நானும் சண்டை போடுவதை விட்டுவிட்டு, பேசாமல் பரிகாரத்தைச் செய்துவிட்டுக் கிளம்பிக்கொண்டிருந்தேன்.

கிளம்பியது எங்கே என்று நீங்கள் கேட்கலாம், தப்பில்லை. நான் ஸ்கூட்டர் ஓட்டப் பழகிக்கொண்டிருந்தேன். வாழ்க்கை முழுக்கப் பின் சீட்டில் ஒருக்களித்து உட்கார்ந்தவளுக்கு, முன் சீட்டிலிருந்து பார்த்தால் ரோடு எப்படி இருக்கும் என்று ஒரு ஆசை. கீழ் வீட்டில் தையல் கடை வைத்திருக்கும் பெண்ணிடம் பேட்டரி ஸ்கூட்டர் இருந்தது. எல்.எல்.ஆர். வாங்கிக்கொண்டு, கொள்ளிடக் கரைப் பக்கம் ஆள் இல்லாத ரோட்டில் காலையில் பழகினோம். அவள் பின்னால் உட்கார்ந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு, "அக்கா, பிரேக்க மறந்துட்டீங்க" என்று சாமி கும்பிடுகிற குரலில் சொல்வாள்.

மகளுக்கு இது தெரியக்கூடாது. ஒரு முறை பேச்சுவாக்கில் ஆழம் பார்த்தபோது, இந்த வயதில் வண்டி கிண்டி என்று ஆரம்பித்தால் அன்றைக்கே வந்து பெங்களூருக்குக் கூட்டிப் போய்விடுவேன் என்று அவள் கறாராகச் சொல்லியிருந்தாள். ஆகவே ஹெல்மெட்டை ஜவுளிக்கடைக் கட்டைப்பையில் போட்டு எடுத்துப் போனேன். கீழ் வீட்டிலேயே விட்டு வைத்திருக்கலாம். ஆனால் புது ஹெல்மெட், வெள்ளை வெளேரென்று இருக்கும். தினமும் கண்ணாடி முன்னால் மாட்டிப் பார்க்காமல் எனக்கு இருப்புக் கொள்ளாது.

பையில் என்ன உருண்டையாக, என்று சுவர் ஒரு நாள் கேட்டது. பூசணிக்காய், கீழ் வீட்டில் கொடுக்கப் போகிறேன் என்றேன். அப்போதைக்கு வாயில் வந்தது அதுதான். கொடுக்கப் போன பூசணிக்காய் ஒரு மணி நேரத்தில் என்னோடேயே திரும்பி வந்ததையும், மறுநாள் அதே பூசணிக்காய் மறுபடி புறப்பட்டதையும் அந்தக் கேமரா பார்த்துக்கொண்டே இருக்கிறது என்பது எனக்கு உறைக்கவில்லை.

ஒரு சனிக்கிழமை காலையில் கதவைத் திறந்தால் மகள் நிற்கிறாள். முன்னால் ஒரு வார்த்தை சொல்லவில்லை. முகம் வாடிக் கிடந்தது. காபி கொடுத்தேன், குடிக்கவில்லை. திருச்சி கன்டோன்மென்டில் ஒரு டாக்டரிடம் பதினோரு மணிக்கு நேரம் வாங்கியிருப்பதாகச் சொன்னாள். என்ன டாக்டர் என்றேன். ஞாபக மறதிக்குப் பார்ப்பவர் என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். பிறகு போனை என் கையில் கொடுத்தாள். மருமகன் ஒரு மாதத்துப் படங்களைப் பார்த்துவிட்டுப் பயந்துபோய், வெட்டி ஒட்டி அவளுக்கு அனுப்பியிருக்கிறார்.

அந்தப் படத்தில் ஒரு வயதான அம்மாள் கையில் பூசணிக்காயோடு வாசலுக்கு வருகிறாள். சட்டென்று நிற்கிறாள். சுவரைப் பார்த்து வாயசைக்கிறாள். கையை ஆட்டிச் சுவரைத் திட்டுகிறாள். திரும்பி உள்ளே போய், பூசணிக்காயை மடியில் வைத்துக்கொண்டு உட்காருகிறாள். தண்ணீர் குடிக்கிறாள். எழுந்து வாசலுக்கு வருகிறாள். மறுபடி சுவரோடு பேச்சு, மறுபடி உள்ளே, மறுபடி தண்ணீர். அடுத்த நாளும் அதேதான். சத்தமே இல்லை.

முதலில் எனக்குச் சிரிப்பு வந்தது. அப்புறம் இன்னொரு தடவை ஓட்டிப் பார்த்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், அந்த அம்மாளை எனக்கு யாரென்றே தெரியாது என்று வைத்துக்கொண்டால், இவளைத் தனியாக விடாதீர்கள் என்று நானே சொல்லியிருப்பேன். மகள் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். டாக்டரைப் பார்த்துவிட்டு அப்படியே ரயில் ஏறிவிடலாம், வீட்டைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றாள். என் வீடு என் கையை விட்டுப் போகிறது என்று அப்போது எனக்கு நன்றாகவே தெரிந்தது. நான் சொல்லப் போகும் எந்தச் சமாதானமும் அந்தப் படத்துக்கு முன்னால் நிற்காது.

"இந்தப் படத்துல நீ எங்கடி?" என்று கேட்டேன்.

அவளுக்குப் புரியவில்லை. பாவம், அம்மாவுக்கு முற்றிவிட்டது என்று நினைத்திருப்பாள். நான் எழுந்தேன். அலமாரியிலிருந்து கட்டைப்பையை எடுத்துக்கொண்டு, ஒன்றும் பேசாமல் விறுவிறுவென்று வாசலுக்கு நடந்தேன். செருப்பில் காலை நுழைத்தேன்.

"அம்மா, எங்கம்மா போற?"

கேமராவில் இல்லை, நேரில் கேட்டாள். நான் அப்படியே நின்றேன். அவளைப் பார்த்து ஒரு முறை முறைத்தேன். உள்ளே வந்து, பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்து, அவள் தொடாத காபிக்குப் பக்கத்திலிருந்த சொம்பை எடுத்து ஒரு வாய் தண்ணீர் குடித்தேன்.

மகள் வாயைப் பொத்திக்கொண்டாள். அவளும் இந்த வீட்டில் வளர்ந்தவள்தானே. பரீட்சைக்குக் கிளம்பும்போது அப்பா வாய் தவறி ‘எங்கே’ என்று கேட்டுவிட, அழுதுகொண்டே உள்ளே வந்து தண்ணீர் குடித்த பெண். பொத்திய கைக்குள்ளிருந்து சிரிப்பா அழுகையா என்று தெரியாத ஒரு சத்தம் வந்தது. "நான்தான் கேட்டேன். தினமும் நான்தான் கேட்டிருக்கேன்" என்றாள். போனை எடுத்து மறுபடி ஓட்டிப் பார்த்தாள். அந்த அம்மாள் நிற்கிற ஒவ்வொரு இடத்திலும் இவள் கேள்வி இருந்திருக்கிறது. பார்க்கிறவர்கள் படத்தில் வருவதில்லை, அவ்வளவுதான்.

இரண்டு பேரும் கண்ணில் நீர் வரச் சிரித்தோம். சிரித்து முடித்ததும், "சரி, அந்தப் பூசணிக்கா?" என்றாள். இதற்கு மேல் என்ன மறைப்பு என்று பையிலிருந்து எடுத்து என் தலையிலேயே மாட்டிக் காட்டினேன். சிரிப்பு நின்றுவிட்டது. அரை மணி நேரம் நல்ல டோஸ் விழுந்தது. ஹெல்மெட்டைக் கழற்றாமல் உட்கார்ந்து கேட்டுக்கொண்டேன், பாதிதான் காதில் விழுந்தது. டாக்டரிடம் போகவில்லை. அதற்குப் பதில், ஓட்டிக் காட்டு பார்க்கலாம் என்று அவளே சொல்ல, தையல் கடைப் பெண்ணின் வண்டியை வாங்கிக்கொண்டு கொள்ளிடக் கரைக்குப் போனோம். அவள் பின் சீட்டில் உட்கார்ந்துகொண்டு, சின்ன வயதில் அப்பாவைப் பிடித்துக்கொண்டதைப் போல என் இடுப்பை இறுக்கிக் கட்டிக்கொண்டாள். ஞாயிற்றுக்கிழமை அவள் மட்டும் ரயில் ஏறினாள். கேமராவை எடுத்துவிடட்டுமா என்று கேட்டாள். இருக்கட்டும், ஆனால் நாகரிகமாகப் பேசச் சொல்லு என்றேன்.

லைசென்ஸ் வந்தது. எனக்கென்று ஒரு வண்டியும் வந்தது. ஒரு நாள் காலையில் ஹெல்மெட்டைப் பையில் ஒளிக்காமல் கையிலேயே எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தேன். செருப்பில் கால் வைத்ததும் மகள் பார்க்கிறாள் என்று சுவரில் கேமராவின் சின்னப் பச்சை விளக்கு எரிந்தது. கேட்கப் போகிறாள் என்று நின்றேன். ஒரு நிமிஷம் ஒன்றும் வரவில்லை. அவள் வாயை அடக்கிக்கொண்டிருப்பது எனக்கு இங்கே தெரிந்தது.

"தூரமாம்மா?" என்றது சுவர்.

நான் லால்குடிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். தனியாக, முதல் தடவையாக. பொய் சொல்ல மனம் வரவில்லை.

"ஆமா. கொஞ்சம் தூரந்தான்" என்றேன்.

எந்த ஊர், எந்த ரோடு, லாரி வருமா, யார் கூட வருகிறார்கள் என்று அவள் தொண்டையில் எத்தனை கேள்வி முட்டிக்கொண்டு நின்றிருக்கும் என்று பெற்றவளுக்குத் தெரியாதா?

"ஹெல்மெட்ட மாட்டிக்கிட்டுப் போம்மா" என்றாள் கடைசியில்.

"போயிட்டு வரேன்" என்று சுவரிடம் சொல்லிவிட்டுக் கதவைப் பூட்டினேன். உள்ளே போய்த் தண்ணீர் குடிக்கிற வேலை அன்று எனக்கு இருக்கவில்லை.