பெயருக்கு அடையாளம் கேட்டவர்

குடையைத் தொலைத்தவர் கவுன்டருக்கு வந்து மூச்சு வாங்க நிற்கும்போது, அந்தக் குடை அக்காவின் காலடியிலேயே இருக்கும். எடுத்துக் காட்ட மாட்டார். மூக்குக் கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிக்கொண்டு, "சொல்லுங்க" என்பார்.

"கறுப்புக் குடைங்க."

"கறுப்புக் குடை ஊருல ஆயிரம் இருக்கு. கைப்பிடி எப்படி? எத்தனாவது கம்பி வளைஞ்சிருக்கு?"

தன் குடையின் கம்பிகளை எண்ணிப் பார்த்த மனிதர் உலகத்தில் உண்டா? வந்தவர் திருதிருவென்று விழிப்பார். அப்போதுதான் அக்காவின் முகம் கொஞ்சம் இளகும்.

ரயில் நிலையத்தில் தொலைந்த பொருள்களைத் திருப்பிக் கொடுக்கும் அறைக்கு இருபத்திரண்டு வருடமாக அவர்தான் எழுத்தர், அவர்தான் காவல். ஸ்டேஷன் மாஸ்டர் முதல் பெருக்குகிறவர் வரை எல்லாருக்கும் அவர் "கவுன்டர் அக்கா". அவருக்கென்று ஒரு சட்டம் இருக்கிறது. "சொந்தக்காரனுக்குத் தன் சாமான் பாதிதான் ஞாபகம் இருக்கும். முழுசா ஒப்பிக்கிறவன் திருடன்." ஒருமுறை ஓர் ஆள் பெட்டிக்குள் இருந்த பதினாலு துணிகளையும் மடித்து வைத்த வரிசைப்படி சொன்னான். அக்கா மறுபேச்சுப் பேசாமல் போலீஸைக் கூப்பிட்டார். அவர் நினைத்தது சரியாகத்தான் இருந்தது. அன்றிலிருந்து அந்தச் சட்டத்துக்கு மேல்முறையீடு கிடையாது.

வீட்டிலும் அதே கெடுபிடிதான். பால் பொங்குகிறதா என்று பார்ப்பவர்களை நாம் அறிவோம். பால் பால்தானா என்று பார்ப்பவர் இவர். கதவைப் பூட்டி இழுத்துப் பார்ப்பார். இழுத்த இழுப்பில் பூட்டு தளர்ந்திருக்குமோ என்று இன்னொரு தடவை இழுப்பார். தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தால் எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு பேசாமல் இருப்பார். "மூச்சே சொல்லிடும், நல்லவனா இல்லையான்னு." கல்யாணப் பேச்சு வந்த காலத்தில் பார்க்க வந்தவர்கள் மூன்று பேர். இரண்டு பேர் காபி ஆறுவதற்குள் எழுந்து ஓடிவிட்டார்கள், மூன்றாமவர் செய்யாத குற்றத்தையும் ஒப்புக்கொண்டார் என்று தங்கை சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

அவர் சந்தேகப்படாத ஒரே ஆள் அந்தத் தங்கைதான். பன்னிரண்டு வயது இளையவள். அம்மாவும் அப்பாவும் போன பிறகு தலை வாரிவிட்டு, பாடம் சொல்லிக்கொடுத்து, ஒருவன் கையில் பிடித்துக் கொடுத்தது வரைக்கும் எல்லாம் அக்கா. இப்போது தங்கைக்குப் பெண் குழந்தை பிறந்து மூன்று வாரம். பெயரைப் பதியும் படிவம் மேசைமேல் கிடக்கிறது. நீ சரின்னு சொல்லாம எழுத மாட்டேன் என்று அவளும் உட்கார்ந்திருக்கிறாள். "லியோரான்னு வைக்கலாம்னு இருக்கோம்" என்று போனில் கேட்ட அன்றே அக்காவின் மனசுக்குள் எறும்பு ஊறத் தொடங்கிவிட்டது.

"நம்ம சனத்துல கேள்விப்படாத பேரா இருக்கே. யாரு சொன்னா?"

"அவருதான்..." என்று தங்கை இழுத்தாள்.

அந்த இழுப்பு போதாதா? ஆண்பிள்ளையின் வாயில் ஊர் பேர் தெரியாத ஒரு பெண் பெயர் வந்தால், அதற்குப் பின்னால் ஊர் பேர் தெரிந்த பெண் ஒருத்தி இருப்பாள் என்பது அக்காவின் தீர்மானம். புருஷனுடைய பழைய சிநேகிதியின் பெயரைத் தங்கை ஆயுசுக்கும் தன் வாயாலேயே கூப்பிட்டுக் கொஞ்சிக்கொண்டிருப்பாளே!

சாப்பாட்டு இடைவேளையில் நிலையத்துப் புத்தகக் கடைக்குப் போனார். கடைக்காரர் பெயர்ப் புத்தகம் ஒன்றைப் புரட்டி வாசித்தார். எபிரேயப் பெயர். 'லி' என்றால் எனக்கு, 'ஓர்' என்றால் ஒளி. எனக்கு ஒளி இருக்கிறது என்றும் சொல்லலாம், என் ஒளி என்றும் சொல்லலாம். ஒளியைக் குறிக்கிற அந்தச் சொல் வேதாகமத்தின் முதல் பக்கத்திலேயே வருகிறது. பெயராகச் சேர்த்து வைத்தது மட்டும் இந்தக் காலத்தவர்கள். ஆணுக்கு லியோர், பெண்ணுக்கு லியோரா.

"நல்ல பேருதானேக்கா" என்றார் கடைக்காரர்.

"சொல்லு பழசு, பேரு புதுசு. பழைய பெட்டிக்குப் புதுப் பூட்டு போட்டுக்கிட்டு வர்றவனை நான் சும்மா விடறதில்ல. எனக்கு, எனக்குன்னா யாருக்காம்?"

ஞாயிற்றுக்கிழமை காலை தங்கை வீட்டுக்குப் போனார். கணவனையும் மனைவியையும் தனித்தனியாக விசாரிப்பதுதான் முறை. தங்கையின் கணவர் சமையலறையில் பால்புட்டிகளை வெந்நீரில் போட்டுக்கொண்டிருந்தார்.

"தம்பி, பாப்பா பேருக்கு என்ன அர்த்தம்?"

அவர் விறைப்பாக நிமிர்ந்தார். "எபிரேய மொழிங்கக்கா. லின்னா எனக்கு, ஓர்னா ஒளி. ஆம்பளப் பிள்ளைக்கு லியோர், பொம்பளப் பிள்ளைக்கு லியோரா. சொல்லு வேதாகமத்தோட முதல் பக்கத்துலயே வருது, பேரா வெச்சது இந்தக் காலத்துல. இன்டர்நெட்ல பாத்தேன்."

ஒரு சொல் பிசகவில்லை. பதினாலு துணியும் மடிப்பு வரிசைப்படி! அக்கா படுக்கையறைக்குள் போய்த் தங்கையிடம் அதையே கேட்டார். "வெளிச்சம்... அப்படி ஏதோ சொன்னாங்க" என்று அவள் குழந்தையின் போர்வையை இழுத்துவிட்டாள். போர்வை ஏற்கெனவே சரியாகத்தான் இருந்தது.

அக்காவுக்கு இதற்குமேல் சாட்சி வேண்டியிருக்கவில்லை. "இங்க வா" என்று தங்கையின் கணவரைக் கூப்பிட்டார். இத்தனை வருடத்து வாங்க போங்க எல்லாம் காற்றோடு போயிற்று. "யாரு அந்தப் பொண்ணு?"

அவர் வெளிறிப்போய் மனைவியைப் பார்த்தார்.

"அவள என்ன பாக்கற? என்னைப் பாத்துச் சொல்லு."

"அவர ஒண்ணும் சொல்லாதக்கா" என்றாள் தங்கை. "பொண்ணுதான். ஆனா அவரு பாத்ததுகூட இல்ல. பிரசவத்துக்கு முன்னாடி ஆஸ்பத்திரில படுத்திருந்தப்ப என் பக்கத்துக் கட்டில்ல ஒருத்தங்க இருந்தாங்க. அவங்களுக்கு ஏழாம் மாசம். வயித்தத் தடவித் தடவி இந்தப் பேரச் சொல்லிப் பேசிட்டே இருப்பாங்க. அர்த்தமெல்லாம் அவங்க சொன்னதுதான். குழந்தை செத்தே பொறந்துச்சுக்கா. வெறுங்கையோட கிளம்பறப்ப என் கையப் பிடிச்சு, 'உங்களுக்குப் பொண்ணு பொறந்தா இந்தப் பேர வெச்சுக்கங்க, வீணாப் போக வேண்டாம்'னாங்க."

"இத ஏன்டி எங்கிட்ட மறைச்ச?"

"செத்த குழந்தையோட பேரு ஆகாதும்பியோன்னு பயந்துட்டேன். இன்டர்நெட்னு நான்தான் சொல்லச் சொன்னேன். பாவம், நீ கேப்பேன்னு நாலு நாளா மனப்பாடம் பண்ணினாரு."

இருபத்திரண்டு வருடத்துச் சட்டம் ஒரே நாளில் இரண்டு பக்கமும் பொய்த்தது. ஒப்பித்தவன் திருடன் இல்லை. சந்தேகமே பட்டிராத ஒருத்திதான் மறைத்திருக்கிறாள். அதுவும் தனக்குப் பயந்து. அது அக்காவுக்கு நெஞ்சில் முள்ளாகத் தைத்தது.

"தப்பா நினைச்சுட்டேன் தம்பி. மனசுல வெச்சுக்காதீங்க."

"பரவால்லங்கக்கா" என்றார் அவர். வியர்வையைத் துடைத்துக்கொள்ளத்தான் அவருக்கு நேரம் சரியாக இருந்தது.

"அந்தம்மா பேரு என்ன?" என்று அக்கா தங்கையிடம் கேட்டார்.

"தெரியாதுக்கா. கேக்கவே தோணல. ஒண்ணு மட்டும் சொன்னாங்க. 'வயித்துக்குள்ள இருந்தப்ப அவ்வளவு கூப்பிட்டேன். வெளிய வந்தப்ப எம் பிள்ளைய யாரும் பேர் சொல்லி ஒரு தடவைகூடக் கூப்பிடல'ன்னு."

அக்கா படிவத்தை இழுத்து, கட்டத்துக்குள் பெயரை நிதானமாக எழுதினார். பிறகு குழந்தையை வாங்கி மடியில் போட்டுக்கொண்டு, குனிந்து அதன் காதோரம் "லியோரா" என்று கூப்பிட்டார். குழந்தை உதட்டைச் சுழித்தது. அவர் தலை நிமிர்ந்தார். எதிரே ஒரு நாற்காலி காலியாக இருந்தது. அதைப் பார்த்து, அதே குரலில், இன்னொரு தடவை கூப்பிட்டார்.