அப்பாவுக்குத் தெரிந்த அழுகை

எங்கள் அப்பா கீழ்பென்னாத்தூரில் வேர்க்கடலை பயிரிட்ட குடும்பத்தில் பிறந்தார். திருவண்ணாமலையில் ஒரு ஜவுளிக்கடையில் வேலை பார்த்தார். எண்பதுகளின் கடைசியில், நான் மூன்றாம் வகுப்புப் படித்தபோது, நடிக்கப் போவதாகச் சொல்லிச் சென்னைக்குப் பஸ் ஏறினார். டாக்டராக, ஏட்டாக, மகளைக் கட்டிக்கொடுக்க முடியாமல் தவிக்கும் தகப்பனாக, படத்துக்கு இரண்டு காட்சிகளில் வந்து போனார். எங்கள் வீட்டுக்கும் அப்படித்தான் வந்து போனார். அம்மா செங்கம் சாலை வாடகை வீட்டில் ரவிக்கை தைத்து என்னையும் தம்பியையும் படிக்க வைத்தார்.

பல வருடங்கள் கழித்து, தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் மனைவியைத் தாங்கும் கணவர் வேடம் அப்பாவுக்குக் கிடைத்தது. அவர் ஊருக்கு வந்தால் கிரிவலம் போகும் பெண்கள் மறித்து, "உங்கள மாதிரி வீட்டுக்காரர் கெடைக்கக் குடுத்து வெச்சிருக்கணுங்க" என்று கும்பிடுவார்கள். அம்மா பக்கத்திலேயே நிற்பார். அவரை யாரும் திரும்பிப் பார்த்ததில்லை.

அம்மா சிறுநீரகம் கெட்டு ஆஸ்பத்திரியில் கிடந்தபோது படப்பிடிப்புக்குப் போன் செய்தேன்.

"முக்கியமான சீன்மா. நான் இல்லன்னா எல்லாம் நின்னுடும். முடிச்சுட்டு வந்துடறேன்" என்றார்.

மறுநாள் வந்தார். அதற்குள் அம்மாவை வீட்டுக் கூடத்தில் கிடத்தியிருந்தோம். அப்பா உட்கார்ந்து, அம்மாவின் கால்விரல்களை ஒவ்வொன்றாகத் தொட்டார். பிறகு அந்தப் பாதத்தில் கன்னத்தை வைத்துக்கொண்டார். கூடத்தில் இருந்த அத்தனை பேரும் கதறினார்கள். அன்று நானும் அவரை மன்னித்துவிட்டேன்.

காரியம் முடிந்த வாரமே அந்த முக்கியமான சீன் ஒளிபரப்பானது. தொடரில் அவருடைய மனைவி இறந்து கிடந்தார். அப்பா கால்விரல்களை ஒவ்வொன்றாகத் தொட்டார். பாதத்தில் கன்னத்தை வைத்துக்கொண்டார்.

"அங்க நடிச்சதையேதான் அம்மாகிட்டயும் நடிச்சீங்களா?" என்று கேட்டேன்.

"எனக்கு வேற மாதிரி அழத் தெரியலம்மா" என்றார்.

அதை நான் ஏற்கவில்லை. இன்றும் ஏற்கவில்லை. பக்கவாதம் வந்து, பேச்சு போய், வீடு திரும்பியவரை இரண்டு வருடம் குளிப்பாட்டி, சோறூட்டி வைத்திருந்தேன். அதைப் பாசம் என்று யாரும் பெருமை பேச வேண்டாம்.

"நல்லதா எழுதிக் குடும்மா, எல்லார் வீட்டுக்கும் போவும்" என்று அப்பாவின் நினைவு மலருக்காகக் கேட்டார் சித்தப்பா. அப்பா குடித்ததில்லை. யாரையும் கை நீட்டி அடித்ததில்லை. படப்பிடிப்புக்கு ஒருநாளும் தாமதமாகப் போனதில்லை. நல்லதை எழுதிவிட்டேன்.

மாலையோடு வந்த நடிகர்களுக்கும் உறவினர்களுக்கும் நன்றி. இன்னொருவருக்கும் சொல்ல வேண்டும். அம்மாவின் உயிர் பிரிந்த நேரத்தில் நான் மருந்து வாங்க வெளியே ஓடியிருந்தேன். பக்கத்துக் கட்டில் நோயாளிக்குத் துணையாக இருந்த ஒரு பெண்மணிதான் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "நான் இங்கதான் இருக்கேன்மா" என்று கடைசி வரை சொல்லிக்கொண்டிருந்தாராம். அவர் பெயரைக் கேட்க அன்று எனக்குத் தோன்றவில்லை. இந்த மலர் அவர் கைக்குப் போகப் போவதுமில்லை. எங்கள் குடும்பம் அவருக்குத்தான் கடமைப்பட்டிருக்கிறது.