தொப்பியை எடுத்தவனின் அக்கா

சிட்னிக்கு மேற்கே மலையோர ஊர் ஒன்றில், ஹோட்டல் துணிகளை வெளுத்தே காலம் தள்ளியவள் ஹனோரா டுவயர். தம்பி மார்ட்டின் கொள்ளைக்காரன்தான், அதை அவள் மறைத்ததில்லை. கேப்டன் ரெட்மண்ட் கூட்டத்தில் குதிரை பார்த்துக்கொண்டிருந்தவன், கூட்டாளிகள் கையாலேயே சுடப்பட்டுச் செத்தான். ஊரும் அதை மறந்து தொலைத்திருந்தது. அந்தக் கூட்டத்தின் கதையைச் சொல்லும் பாழாய்ப்போன சினிமா வந்து கிளறிவிட்டது.

படத்தில் மார்ட்டின் குதிரையில் வருகிறான், தொப்பியைத் தூக்குகிறான், உடனே புதருக்குள்ளிருந்து போலீஸ் பாய்கிறது. ஊமைப் படமாயிற்றே, திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லும் பாஸ்கோம் தொண்டை கிழியக் கத்துவார்: "போலீசுக்குச் சைகை காட்டுறான் பாருங்க, துரோகி!" கொட்டகையே காறித் துப்பும். மறுநாள் கசாப்புக்கடையில் ஹனோராவை ஏறிட்டுப் பார்க்க ஆளில்லை.

அட, அவன் தொப்பியை எடுத்தது மாதா கோயிலுக்கு! கோயிலைக் கடக்கையில் தொப்பியை எடுக்காத ஐரிஷ்காரன் எவன்? போலீஸ் பதுங்கியிருந்தது அவனுக்கு எப்படித் தெரியும்? கூட்டாளிகள்தான் தப்பாக நினைத்துச் சுட்டார்கள். படமெடுத்த புண்ணியவான்களோ கோயிலே இல்லாத வெட்டவெளியில் எடுத்துவிட்டார்கள்.

அவள் பாஸ்கோமிடம் போய் நின்றாள். "ஐயா, படத்த மாத்த வேணாம். உங்க வார்த்தைய மட்டும் மாத்துங்க. கோயிலுக்குத்தான் தொப்பிய எடுத்தான்னு சொல்லுங்க."

"இத எவனும் எங்கிட்ட சொல்லலையேம்மா! சனிக்கிழமை மத்தியான ஆட்டத்துக்கு வந்து முன்னாடி உக்காரு. ஊர் காதுல விழற மாதிரி சொல்றேன்."

சனிக்கிழமை இருப்பதிலேயே நல்ல உடுப்பைப் போட்டுக்கொண்டு போனாள். கொட்டகை வாசலை மறித்துக்கொண்டு சார்ஜன்ட் நின்றார்.

"கொள்ளைக்காரன் படமே இனி ஓட்டக்கூடாதாம். சிட்னி உத்தரவு. உனக்கும் நிம்மதிதானே ஹனோரா? உன் தம்பிய இனி யாரும் ஏச மாட்டாங்க."

"ஏசறதெல்லாம் ஏசி முடிச்சாச்சே! இந்த ஒரு ஆட்டத்த ஓட விட்டா உங்க குடியா முழுகிடும்?" அவள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினாள்.

காசோடு வரிசையில் நின்றவர்களுக்குப் பேச்சு கேட்கவில்லை, பிடித்த கைதான் தெரிந்தது. கசாப்புக்கடைக்காரன் மனைவி வாயைத் திறந்தாள்.

"அடிப்பாவி, நீதான் போலீசுல சொல்லி நிறுத்தினியா? தம்பி புத்தி எங்க போகும்!"

பாஸ்கோம் உள்ளே படப்பெட்டியைக் கட்டிக்கொண்டிருந்தார், வெளியே எட்டிப் பார்க்கவில்லை. சாகும்வரை அந்த ஊரில் ஹனோராவுக்குப் 'படத்தை நிறுத்தினவள்' என்றுதான் பெயர்.