வளைக்குள் கை இருக்கும்போது பேர் சொல்லாதே

நண்டு வளைக்குள் கை விட்டால் முதலில் குளிர் தெரியும். அப்புறம் மணல். அப்புறம்... வீட்டுக்காரர்!

எட்டாவது முடித்த லீவில் ஜவ்வாது மலையில் என் கிளாஸ்மேட் கோவிந்தன் வீட்டுக்குப் போயிருந்தேன். அவனுடைய குட்டித் தம்பிக்குச் சளி. சோறு இறங்கவில்லை. நண்டு ரசம் வைத்தால்தான் குடிப்பேன் என்று அடம். கோவிந்தனின் அக்கா சாந்தி ஆற்றுக்குக் கிளம்பினாள். நாங்களும் ஒட்டிக்கொண்டோம்.

அக்கா தண்ணீரில் குனிந்து, கரையோர வளைக்குள் தோள்வரை கையை விட்டாள். கண்ணை மூடிக்கொண்டாள்.

சும்மா இருப்பேனா நான்?

"யக்கா, நண்டு வூட்ல இல்லியாம். திருப்பதிக்குப் போயிருக்குதாம்!"

அசைவில்லை.

"யக்கா, முதுகுல ஓணான்!"

முகத்தில் உட்கார்ந்த ஈயைக்கூட அவள் விரட்டவில்லை. கிளாஸையே சிரிக்க வைக்கிற எனக்கு ரோஷம் வந்துவிட்டது. "சாந்..." என்று ஆரம்பித்தேன். கோவிந்தன் பாய்ந்து என் வாயைப் பொத்தினான்.

"டேய், இன்னா வேணா கத்து, அக்காவுக்குக் காதுல வுழாது. பேரு மட்டும் சொல்லாத. பேரச் சொன்னா திரும்பிடும். அந்த கேப்புல நண்டு கவ்விடும்!"

அவர்கள் ஊரில் அதுதான் சட்டமாம்.

அக்காவின் கை வெளியே வந்தபோது உள்ளங்கை அகலத்துக்கு நண்டு.

"நீ எதுனா சொன்னியாடா?" என்றாள் என்னிடம். என் அத்தனை ஜோக்கும் ஆற்றோடு போச்சு!

ரசத்துக்கு இன்னொன்று வேண்டும். அடுத்த வளையைக் காட்டினாள். "வாயி நல்லா நீளுதே, கையி நீளுதா பாக்கலாம்."

விட்டேன். குளிர்... மணல்... ஏதோ ஒரு வேர்... விரல் நுனியில் லேசாக ஒரு நகர்வு. அதற்கப்புறம் பயமும் இல்லை, ஜோக்கும் இல்லை. அந்த விரல் நுனி மட்டும்தான் நான்.

நண்டோடு நிமிர்ந்தால், வெயில் மலைக்கு அந்தப் பக்கம் போயிருந்தது. அக்காவும் கோவிந்தனும் சட்டியோடு பாறையில் உட்கார்ந்திருந்தார்கள்.

"இவ்ளோ நேரமா? கூப்ட்டிருக்கலாம்ல யக்கா?"

"கை உள்ள இருந்துச்சே," என்றாள். அவ்வளவுதான்.

அன்று தம்பி ரசத்தை ஊதி ஊதிக் குடித்துவிட்டு, இன்னும் கேட்டான்.

இப்போது நான் ப்ளஸ் டூ. ஒரு பக்கம் படிப்பதற்குள் போன் டிங்... டிங்... எவனோ என்னை டேக் பண்ணியிருப்பான். (நீங்களும்தான் மக்களே, முறைக்காதீங்க.) நாள் முழுக்க யாராவது என் பேரைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார்கள்.

கூப்பிடாமல் எனக்காகக் காத்திருந்தது அந்தப் பாறைமேல் இருந்த ரெண்டு பேர்தான்.